அ.சா.1-க்கு ஒரு நோட்டீஸ்

பெறுநர்:
குற்றவியல் சீராய்வு மனுக்களை விசாரிக்கும் உயர்நீதிமன்ற நீதியரசர்கள்

மாண்பமை நீதியரசர்களுக்கு வணக்கம்.

கீழமை நீதிமன்றங்களில் 33 ஆண்டுகள் தட்டச்சராக வேலை பார்த்து 2022-இல் ஓய்வு பெற்றவள் நான். சட்டம் படித்தவள் இல்லை. ரெமிங்டன் மெஷினில் நாலு கார்பன் வைத்து அடித்த காலத்தில் சேர்ந்து, கம்ப்யூட்டரில் முடித்தேன். நீதிபதி சொல்லச் சொல்லச் சாட்சியத்தை அடிப்பதுதான் வேலை. கூண்டில் நிற்பவர் சொல்வதைக் காது கேட்கும். நீதிபதி சொல்வதை விரல் அடிக்கும். இரண்டும் ஒன்றாக இருப்பதில்லை என்பது இந்தத் தொழிலுக்கு வந்த முதல் வாரமே தெரிந்துவிடும்.

நான் எழுத வந்தது வரதட்சணை, குடும்பக் கொடுமை வழக்குகளில் சீராய்வின்போது, அதாவது கீழ்க்கோர்ட்டுத் தீர்ப்பு சரிதானா என்று தாங்கள் பார்க்கும்போது, தண்டனை குறைக்கப்படுவது பற்றி. எந்தத் தீர்ப்பையும் குறை சொல்ல வரவில்லை. தண்டனையைக் குறைக்கும் அதிகாரம் தங்களுக்கு உண்டு. சில வழக்குகளில் குறைக்கத்தான் வேண்டும் என்று நானே நினைத்திருக்கிறேன். குறைக்கிற அந்த நாளில் கோர்ட்டு ஹாலில் யார் இருக்கிறார்கள், யார் இல்லை என்பதுதான் என் பேச்சு.

எங்கள் கோர்ட்டில் நடந்த ஒரு வழக்கைச் சொல்கிறேன். ஊர், பெயர் எதுவும் வேண்டாம். 2003-இல் கல்யாணம். பேசியது இருபது பவுன், போட்டது பதினைந்து. 2006-இல் அனைத்து மகளிர் காவல் நிலையத்தில் புகார். முதலில் மனு ரசீது, பிறகு மூன்று முறை கூப்பிட்டுச் சமாதானம், அதற்கும் பிறகுதான் எஃப்.ஐ.ஆர். கணவர் கைதாகி கிளைச் சிறையில் 11 நாள் இருந்து ஜாமீனில் வந்தார். 2007-இல் குற்றப்பத்திரிகை. கணவர் முதல் எதிரி, மாமியார் இரண்டாம் எதிரி. (குற்றம் சாட்டப்பட்டவரை எங்கள் கோர்ட்டுத் தமிழில் 'எதிரி' என்றுதான் எழுதுவோம். யாருக்கு எதிரி என்று ஒருநாளும் யாரும் கேட்டதில்லை.)

அந்தப் பெண் அ.சா.1, அதாவது அரசுத் தரப்பு முதல் சாட்சி. கூண்டில் நின்று அவள் சொன்னது இன்னும் என் காதில் இருக்கிறது:

"மார்கழி மாசங்க. ராத்திரி பத்து மணிக்கு மேல கொல்லைக் கதவைத் தாப்பா போட்டுருவாங்க. நான் வெளியில, புள்ளை உள்ள. எட்டு மாசக் கைப்புள்ளை. அது பாலுக்கு அழுவுறது கேக்கும். தட்டுனா, 'உங்கப்பன் மீதி அஞ்சு பவுனை எடுத்தாந்து தட்டச் சொல்லு'ம்பாங்க. மாரு ரெண்டும் பால் கட்டிக் கல்லாட்டம் ஆயிடும். கெணத்தடியில குந்திப் பீச்சி விடுவேன்."

நீதித்துறை நடுவர் நல்ல மனிதர். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டு எனக்குச் சொன்ன வாக்கியம் இது: "எதிரிகள் மீதி ஐந்து பவுன் நகை கேட்டு, இரவு நேரங்களில் என்னை வீட்டைவிட்டு வெளியேற்றி, உடலளவிலும் மனதளவிலும் கொடுமைப்படுத்தினார்கள்." அடித்தேன். கிணற்றடி இல்லை, குழந்தையின் அழுகை இல்லை, பால் இல்லை. அவரைக் குற்றம் சொல்ல மாட்டேன். அன்றைக்கு அவர் முன் நாற்பது வழக்குக் கட்டுகள். சட்டத்துக்கு வேண்டியது அந்த வாக்கியத்தில் இருந்தது, அது போதும் என்று நினைத்திருப்பார். 'உடலளவிலும் மனதளவிலும்' என்ற இரண்டு சொற்களை என் விரல்கள் எத்தனை ஆயிரம் முறை அடித்திருக்கும் என்று எனக்கே தெரியாது. வேறு வேறு பெண்கள், வேறு வேறு ஊர், எல்லாருக்கும் அதே இரண்டு சொல்.

அந்த வாக்கியம் தங்களிடம் வரும்போது இன்னும் ஒரு படி இறங்கி வருகிறது. உயர்நீதிமன்றத்தின் மொழி ஆங்கிலம் என்று அரசமைப்பின் 348-ஆவது கூறு சொல்வதால், தமிழில் அடித்த சாட்சியத்தை மொழிபெயர்த்துக் கட்டுகிறார்கள். கிணற்றடி ஏற்கெனவே போய்விட்டது. இப்போது 'பவுன்' என்ற சொல்லுக்குள் இருக்கும் ஒரு அப்பாவின் கடனும் கண்ணீரும் போய், வெறும் கிராம் கணக்கு மிஞ்சும்.

2012-இல் தீர்ப்பு. மாமியார் விசாரணைக்கு நடுவிலேயே இறந்துவிட்டதால் அவர் மீதான வழக்கு அற்றுப்போனது. கணவருக்கு, மனைவியைக் கொடுமைப்படுத்துவதைத் தண்டிக்கும் பழைய இந்திய தண்டனைச் சட்டத்தின் 498ஏ பிரிவில் ஓராண்டு கடுங்காவல், 3,000 ரூபாய் அபராதம். வரதட்சணைத் தடுப்புச் சட்டம் 4-ஆம் பிரிவில் ஆறு மாதம். இரண்டையும் ஏககாலத்தில் அனுபவிக்க உத்தரவு. தீர்ப்பு வாசித்த அரை மணி நேரத்தில் தண்டனை நிறுத்திவைக்கப்பட்டது. அதிலும் தப்பொன்றும் இல்லை. ஜாமீனில் இருக்கும் ஒருவருக்கு மூன்றாண்டுக்கு மிகாத தண்டனை விதித்தால், அவர் மேல்முறையீடு செய்யப்போவதாகச் சொன்னால், விசேஷக் காரணம் இல்லாவிட்டால் அதே நீதிமன்றமே அவரை ஜாமீனில் விட வேண்டும் என்பது பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 389(3). 498ஏ-யில் உச்சபட்சமே மூன்றாண்டுதான். ஆக இந்தப் பிரிவில் மட்டும் தண்டனை பெற்ற யாரும், ஏற்கெனவே ஜாமீனில் இருந்தால், தீர்ப்பன்று சிறைக்குப் போக வேண்டிய கட்டாயம் பெரும்பாலும் வராது. அன்று சாயங்காலம் பஸ் ஸ்டாண்டில் நானும் நின்றேன், அவளும் நின்றாள். அவர் பைக்கில் எங்களைத் தாண்டிப் போனார். அவள் என்னைப் பார்த்து, "தண்டனைன்னாங்களேக்கா?" என்றாள். எனக்குப் பஸ் வந்துவிட்டது.

2015-இல் செஷன்ஸ் கோர்ட்டு மேல்முறையீட்டைத் தள்ளுபடி செய்தது. அதே ஆண்டு சீராய்வு மனு. தண்டனை மறுபடி நிறுத்திவைப்பு. 2021-இல் உத்தரவு வந்தது: குற்றம் நிரூபணமானது உறுதி செய்யப்படுகிறது, தண்டனை மட்டும் 'ஏற்கெனவே அனுபவித்த காலம்' எனக் குறைக்கப்படுகிறது, பாதிக்கப்பட்டவருக்கு 25,000 ரூபாய் இழப்பீடு. ஏற்கெனவே அனுபவித்த காலம் என்பது 2006-இல் இருந்த அந்த 11 நாள்.

காரணங்கள் உத்தரவில் இருந்தன. சம்பவம் நடந்து 15 ஆண்டுகள் ஓடிவிட்டன. விவாகரத்து ஆகிவிட்டது. மனுதாரர் மறுமணம் செய்துகொண்டு இரண்டு குழந்தைகளுக்குத் தகப்பனாக இருக்கிறார். குடும்பத்தில் சம்பாதிப்பவர் அவர் ஒருவரே. சர்க்கரை வியாதி. முன்குற்றம் எதுவும் இல்லை. இத்தனை ஆண்டுகள் வழக்கின் வேதனையை அனுபவித்திருக்கிறார். ஒவ்வொன்றும் உண்மை. டாக்டர் சர்ட்டிபிகேட், ரேஷன் கார்டு நகல், பிள்ளைகளின் பள்ளிச் சான்று எல்லாம் வரிசையாகக் கட்டியிருந்தார்கள்.

கட்டு இறங்கி எங்கள் கோர்ட்டுக்கு வந்தபோது புரட்டிப் பார்த்தவள் நான். எனக்கு உறைத்தது இதுதான்: அவருடைய கட்டு 2021 வரை வளர்ந்திருக்கிறது, அவளுடைய கட்டு சாட்சி சொன்ன நாளோடு நின்றுபோயிருக்கிறது. அவருடைய இரண்டாவது குடும்பம் அந்த உத்தரவில் இருக்கிறது. பிளஸ் ஒன் படிக்கும் அவளுடைய மகள் இல்லை. அவருடைய சர்க்கரை இருக்கிறது. அவள் தையல் மெஷினில் உட்கார்ந்து உட்கார்ந்து வாங்கிக்கொண்ட இடுப்பு வலி இல்லை. அவர் பெற்ற விவாகரத்து தண்டனைக் குறைப்புக்குக் காரணம். அதே விவாகரத்துக்குப் பிறகு அவள் அண்ணன் வீட்டுத் திண்ணையில் எத்தனை வருடம் இருந்தாள் என்பதை யாரும் யாரிடமும் கேட்கவில்லை.

கேட்க வழியில்லை என்பதுதான் இதில் விசேஷம். சீராய்வு மனுவின் முதல் பக்கத்தைத் தாங்கள் தினமும் பார்க்கிறீர்கள். மேலே மனுதாரர்: கணவர். கீழே எதிர்மனுதாரர்: மாநில அரசு, அனைத்து மகளிர் காவல் நிலைய ஆய்வாளர் மூலமாக. கீழ்க்கோர்ட்டில் 'எதிரி'யாக இருந்தவர் உயர்நீதிமன்றம் போனதும் 'மனுதாரர்' ஆகிவிடுகிறார், 'அ.சா.1' யாராகவும் ஆவதில்லை. அவளுக்கு நோட்டீஸ் போகாது. வழக்கு மேலே இருப்பதே பல பேருக்குத் தெரியாது. புகார் வாங்கிய ஆய்வாளர் அதற்குள் நாலு ஸ்டேஷன் மாறியிருப்பார். இப்போதைய ஆய்வாளருக்கு அந்த வழக்கு ஒரு எண். அரசு வழக்கறிஞருக்குக் கையில் கிடைப்பது கீழ்க்கோர்ட்டுத் தீர்ப்பும் ஒரு பழைய கேஸ் டைரியும். அவரும் பாவம், எதை வைத்துப் பதில் சொல்வார்?

அடுத்து, சீராய்வில் சாட்சியத்தை முழுசாக மறுபடி அலசும் வேலை கிடையாது. இரண்டு கோர்ட்டுகள் ஒரே முடிவுக்கு வந்திருந்தால் விடுதலை வாங்குவது கஷ்டம். வக்கீல்களுக்கு இது நன்றாகத் தெரியும். அதனால் எழுந்து, "குற்றத் தீர்ப்பைப் பற்றி வாதிடவில்லை, தண்டனையின் அளவு பற்றி மட்டும்" என்பார்கள். கோர்ட்டுக்கும் நேரம் மிச்சம், கட்சிக்காரருக்கும் ஜெயில் மிச்சம். என் தங்கை மகள் வக்கீல். அவள் சொல்வாள், "பெரியம்மா, அந்த ஒரு வாக்கியத்தைச் சொல்லிவிட்டாலே பாதி கிணறு தாண்டியாச்சு." மீதிப் பாதியைத் தாண்ட வைப்பது காலம்.

காலத்தைப் பற்றிக் கொஞ்சம் விலாவாரியாகச் சொல்ல வேண்டும். நான் வாய்தாக்களோடு வாழ்ந்தவள். அந்த வழக்கு எங்கள் கோர்ட்டில் 2007 முதல் 2012 வரை 58 வாய்தா கண்டது. ஓய்வுக்கு முன் ஒரு மதியம், சாப்பாட்டு நேரத்தில், வாய்தாத் தாளை வைத்துக்கொண்டு எண்ணினேன். முதல் எதிரி வரவில்லை என்று 317 மனு போட்டது 19 முறை. பிடிவாரண்டு பிறப்பித்துத் திரும்பப் பெற்றது இரண்டு முறை. நடுவர் பணியிடம் காலி, பொறுப்பு நடுவர் கையெழுத்துப் போட்டு ஒத்திவைத்தது 11. வழக்கறிஞர் புறக்கணிப்பு 7. மற்றதெல்லாம் சில்லறைக் காரணங்கள். அ.சா.1 ஆறு முறை வந்திருக்கிறாள். மூன்று முறை, 'சாட்சி ஆஜர், விசாரிக்கப்படவில்லை' என்று எழுதித் திருப்பி அனுப்பியிருக்கிறோம். ஒரு முறை முதல் விசாரணை முடிந்ததும், 'குறுக்கு விசாரணை இன்று இல்லை' என்று விட்டுவிட்டு, பல மாதம் கழித்து 311 மனு போட்டு அவளை மறுபடி கூண்டில் ஏற்றினார்கள். அன்று கேட்ட கேள்விகளில் ஒன்று: "கதவைச் சாத்தினார்கள் என்று சொல்கிறீர்களே, அது தாழ்ப்பாளா பூட்டா?"

அவள் வரும்போதெல்லாம் கையில் மகளைப் பிடித்துக்கொண்டு வருவாள். முதல் தடவை இடுப்பில், கடைசித் தடவை யூனிஃபார்மில். ஒரு நாள் தையல் வேலை போகும். சாட்சிப் படி என்று ஒன்று உண்டு. அதை வாங்க நிற்கும் நேரத்துக்கு அடுத்த பஸ்ஸில் போய்விடலாம் என்று போய்விடுவாள்.

இந்த ஐந்து வருடத்தில் தாமதம் யாரால் என்று பார்த்தால் பாதி எங்களால், அதாவது கோர்ட்டால். ஒரு பெரும்பங்கு எதிரியால். அவளால் ஒரு வாய்தாகூடத் தள்ளிப்போகவில்லை. அதற்குப் பிறகு சீராய்வில் ஓடிய ஆறு வருடத்தில் அவர் ஒரு நாள்கூட நேரில் வர வேண்டியிருக்கவில்லை, தண்டனை நிறுத்திவைக்கப்பட்டிருந்தது. ஆனால் உத்தரவில் இந்த 15 வருடமும் ஒரே மொத்தமாக அவர் பக்கத்துத் தட்டில் விழுந்தது. வழக்கின் வேதனை என்று ஒன்று உண்டென்றால் அது இரண்டு பேருக்கும் உண்டு. 317 மனு போட வசதி இருந்தவருக்குக் கொஞ்சம் குறைவாகத்தான் இருந்திருக்கும்.

மறுபக்கத்தையும் பார்த்தவள்தான். பொய்ப் புகார்களை அடித்திருக்கிறேன். வெளிநாட்டில் இருக்கும் நாத்தனார், நடக்க முடியாத தாத்தா என்று வீட்டில் ரேஷன் கார்டில் இருக்கும் பெயரெல்லாம் எழுதிக் கொண்டுவந்த புகார்களும் உண்டு. 2014-இல் அர்னேஷ் குமார் வழக்கில் உச்சநீதிமன்றம் 498ஏ கைதுகளுக்குக் கடிவாளம் போட்டபோது, எங்கள் ஊழியர்களிலேயே பலர் சரிதான் என்றோம். எழுபத்தைந்து வயது மாமியாரைச் சிறைக்கு அனுப்பி யாருக்கு என்ன லாபம்? அங்கெல்லாம் குறைப்பது நியாயம். சில பெண்களே, "அவரு உள்ள போயிட்டா புள்ளைக்கு மாசப் பணம் யாரு குடுப்பா?" என்று சொல்லிக் கேட்டிருக்கிறேன். ஆனால் அதே அர்னேஷ் குமார் தீர்ப்பில் இன்னொரு கணக்கும் இருக்கிறது: 498ஏ-யில் குற்றப்பத்திரிகை தாக்கலாவது நூற்றுக்கு 93.6, தண்டனையில் முடிவது 15. இந்தக் குறைவைப் பொய்ப் புகாருக்குச் சான்றாகப் பலரும் சொல்கிறார்கள். சாட்சிகள் பிறழ்வதையும், இடையில் ராஜியாகிப் போவதையும், திருப்பி அனுப்பியே சலிக்க வைப்பதையும் பார்த்த எனக்கு அது அவ்வளவு எளிய கணக்காகத் தெரியவில்லை. எப்படிப் படித்தாலும் சரி, இரண்டு கோர்ட்டுகளைத் தாண்டித் தங்கள் முன் வரும் வழக்கு அந்தப் பதினைந்துக்குள் இருப்பது. பொய்ப் புகார் பற்றிய சந்தேகத்தை அதன் தலையிலும் ஏற்றக் கூடாதில்லையா?

சட்டத்தில் இடமில்லையோ என்று ஓய்வுக்குப் பிறகு தங்கை மகளை உட்கார வைத்துக் கேட்டேன். அவள் சொல்லச் சொல்ல வியப்பாக இருந்தது. 2009-இல் பழைய நடைமுறைச் சட்டத்தின் 372-ஆம் பிரிவில் ஒரு நிபந்தனை சேர்த்தார்கள். எதிரி விடுதலையானாலோ, சிறிய குற்றத்துக்கு மட்டும் தண்டிக்கப்பட்டாலோ, இழப்பீடு போதவில்லை என்றாலோ பாதிக்கப்பட்டவரே மேல்முறையீடு செய்யலாம். தண்டனை போதவில்லை என்றால்? அதற்கு மட்டும் வழியில்லை. அது அரசின் வேலை, 377-ஆம் பிரிவு. 2020-இல் பர்வீந்தர் கன்சால் வழக்கில் உச்சநீதிமன்றமும் அதையே உறுதி செய்தது. ஆக, கீழே தண்டனை குறைவாகக் கொடுத்தாலும் அவள் மேல்முறையீடு செய்ய முடியாது. மேலே குறைத்தாலும் அவளுக்குத் தெரியாது.

ஆனால் கதவு முழுசாகச் சாத்தப்படவில்லை. 2022 ஏப்ரலில் ஜக்ஜீத் சிங் வழக்கில் (லக்கீம்பூர் கேரியில் விவசாயிகள் மீது வண்டி ஏறிய வழக்கு) உச்சநீதிமன்றம் பாதிக்கப்பட்டவரின் பங்கேற்பு உரிமை புலனாய்வில் தொடங்கி மேல்முறையீடோ சீராய்வோ முடியும் வரை உண்டு என்று சொல்லியிருக்கிறது. சீராய்வு என்ற சொல் அங்கேயே இருக்கிறது. நம் அ.சா.1-க்கு அது ஒரு வருடம் தாமதம், அவ்வளவுதான். 2018-இல் மல்லிகார்ஜுன் கோடகலி வழக்கில், தண்டனை முடிவாகும் முன் பாதிக்கப்பட்டவர் தனக்கு நேர்ந்ததைச் சொல்ல ஒரு வாய்ப்பு வேண்டும் என்ற யோசனையை உச்சநீதிமன்றம் முன்வைத்தது. பழைய நடைமுறைச் சட்டத்துக்குப் பதிலாக இப்போது இருக்கும் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 360-ஆம் பிரிவில், அரசு ஒரு வழக்கைத் திரும்பப் பெற வேண்டுமானால் பாதிக்கப்பட்டவரைக் கேட்காமல் நீதிமன்றம் அனுமதிக்கக் கூடாது என்று எழுதிவிட்டார்கள். வழக்கே போகும்போது அவளைக் கேட்க வேண்டும். தண்டனை ஓராண்டிலிருந்து 11 நாளாகும்போது வேண்டாமா?

எனக்கு ஆக வியப்பானது வேறொன்று. சீராய்வு அதிகாரத்தைச் சொல்லும் பிரிவு பழைய சட்டத்தில் 401, புதியதில் 442. அதன் இரண்டாம் உட்பிரிவு, குற்றம் சாட்டப்பட்டவருக்கோ 'வேறு நபருக்கோ' பாதகமாக எந்த உத்தரவும், அவர் தன் தரப்பைச் சொல்ல வாய்ப்பளிக்காமல் பிறப்பிக்கக் கூடாது என்கிறது. அந்த 'வேறு நபர்' யார் என்று தங்கை மகளைக் கேட்டேன். சிரித்துவிட்டு, வழக்குக்கு வழக்கு மாறும் பெரியம்மா என்றாள். எனக்கு மட்டும் கிணற்றடியில் உட்கார்ந்திருந்த ஒருத்தியின் முகம்தான் தெரிந்தது. அந்தச் சொல்லுக்குள் அவள் அடங்குவாளா என்று முடிவு சொல்ல வேண்டியவர்கள் தாங்கள்.

வரதட்சணைத் தடுப்புச் சட்டத்தின் 4-ஆம் பிரிவையும் நினைவுபடுத்த அனுமதிக்க வேண்டும். குறைந்தபட்சம் ஆறு மாதம். அதற்கும் கீழே போனால் போதுமான, தனிப்பட்ட காரணங்களைத் தீர்ப்பில் எழுத வேண்டும். வயது, குடும்பம், நோய், ஓடிப்போன வருடங்கள் என்று ஏறத்தாழ எல்லா எதிரிக்கும் பொருந்துகிற காரணங்கள் எப்படித் தனிப்பட்ட காரணங்கள் ஆகும் என்பது இந்த மரமண்டைக்கு விளங்கவில்லை.

இனி அந்த 25,000 ரூபாய். பணம் கட்டியாகிவிட்டது என்று தகவல் வந்து, யாரோ சொல்லி, அவள் வந்தாள். அப்போதுதான் அவளுக்கு உத்தரவு பற்றியே தெரியும். செக் வாங்க மனுப் போட வேண்டும். அதற்கு வக்கீல் கையெழுத்து, ஆதார் நகல், பாஸ்புக் நகல், பாஸ்புக்கில் இருக்கும் பெயரும் வழக்கில் இருக்கும் பெயரும் ஒன்று என்று ஒரு பிரமாணப் பத்திரம். வழக்கில் கணவர் பெயரோடு இருந்தாள். பாஸ்புக்கில் அப்பா பெயரோடு. மூன்று தடவை அலைந்தாள். செக்கைக் கையில் வாங்கியதும் என் மேஜைக்கு வந்து கேட்டாள்: "இது எதுக்குக்கா? நகைக்கா, இல்ல நான் வெளியில படுத்ததுக்கா?" பதினைந்து பவுனில் ஒரு பவுன் விலைகூட அது கிடையாது என்பது எங்கள் இரண்டு பேருக்கும் தெரியும். "நஷ்ட ஈடும்மா" என்றேன். அதற்குமேல் தெரியவில்லை.

அங்குஷ் சிவாஜி கெய்க்வாட் வழக்கில் 2013-இலேயே, ஒவ்வொரு குற்ற வழக்கிலும் இழப்பீடு பற்றி நீதிமன்றம் மனதைச் செலுத்தி, கொடுத்தாலும் கொடுக்காவிட்டாலும் காரணம் எழுத வேண்டும் என்று உச்சநீதிமன்றம் சொல்லியிருக்கிறது. நடுவர் விதிக்கும் அபராதத்துக்குத்தான் உச்சவரம்பு உண்டு. பழைய சட்டத்தின் 357(3)-இல், இப்போதைய 395(3)-இல், அபராதம் விதிக்காதபோது கொடுக்கச் சொல்லும் இழப்பீட்டுக்குச் சட்டம் உச்சவரம்பு எதையும் சொல்லவில்லை. தாங்கள் சிறையைக் குறைக்க முடிவு செய்துவிட்டால், குறைக்கும் மாதங்களுக்கு ஈடாக அந்தத் தொகை ஏன் எடை உள்ளதாக இருக்கக் கூடாது? அவருடைய சம்பளச் சீட்டைக் கேட்டு வாங்க முடியும். தண்டனைக் குறைப்புக்கு வந்து நிற்பவர் அதைக் காட்டத்தான் செய்வார். பணம் கட்டினால்தான் குறைப்பு, கட்டத் தவறினால் கீழ்க்கோர்ட்டுத் தண்டனை மறுபடி உயிர் பெறும் என்று ஒரு வரி எழுதினால் போதும், கட்டிவிடுவார்கள். 33 வருடம் பார்த்திருக்கிறேன், ஜெயில் என்ற சொல் பக்கத்தில் இருந்தால் பணம் எப்படியோ புரளும். அந்தப் பணத்தையும் மூன்று முறை அலைய விடாமல் நேரே அவள் கணக்கில் ஏற்றச் சொல்லி உத்தரவிலேயே எழுதிவிட்டால் இன்னும் நல்லது.

நான் கேட்பது பெரிய விஷயம் இல்லை. சீராய்வு மனுவுக்கு எண் கொடுக்கும்போதோ, 'தண்டனையின் அளவு பற்றி மட்டும்' என்று வக்கீல் வாய் திறக்கும்போதோ, அ.சா.1-க்கு ஒரு நோட்டீஸ். வராவிட்டால் போகட்டும், அதை எழுதிவிட்டு மேலே செல்லலாம். "எனக்கு இனிமே இந்த வழக்கே வேண்டாம்" என்றும் அவள் சொல்லக்கூடும். சொல்லட்டும், அவள் வாயால் சொல்லட்டும். சட்டப் பணிகள் ஆணைக்குழு வக்கீல் ஒருவரைத் தாலுகா அளவிலேயே அவளுக்காகப் போடலாம். காணொளியில் அங்கிருந்தே பேச வைக்கலாம். கொரோனாவுக்குப் பிறகு பல கோர்ட்டுகளில் அந்தத் திரை இருக்கிறது. காலம் கடந்ததைக் காரணமாக எழுதும்போது, வாய்தாத் தாளை வரவழைத்து யாரால் எத்தனை என்று ஒரு பத்தி சேர்க்கலாம். நாங்கள் எண்ணித் தருவோம். எங்களைப் போன்றவர்களுக்கு வேறென்ன வேலை?

விலாசம் தெரியாது என்று காவல் நிலையம் சொல்லும். கட்டிலேயே இருக்கிறது. அ.சா.1 வாக்குமூலத்தின் முதல் வரியைப் பாருங்கள்: பெயர், தகப்பனார் பெயர், வயது, கதவு எண், தெரு, ஊர். எதை விட்டாலும் அந்த வரியை மட்டும் நான் ஒருநாளும் சுருக்கி அடித்ததில்லை.

தங்கள் உண்மையுள்ள,
ஓய்வு பெற்ற நீதிமன்றத் தட்டச்சர் ஒருவர்